புகைக்கு ஒரு வாரம், தட்டுக்கு ஒரு சட்டம்: சீனத் தொலைக்காட்சிச் செய்தி குறித்த நிகழ்வு ஆய்வு

நகரக் காற்றில் மிதக்கும் நச்சுத் துகளையும், ஒரே ஆள் பத்துப் பேர் சாப்பாட்டைக் கேமராவுக்கு முன்னால் உள்ளே தள்ளும் பெருந்தீனிக் காட்சியையும் ஓர் ஆய்வுக்குள் கொண்டுவருவது முதல் பார்வைக்குப் பொருந்தாததாகத் தோன்றலாம். இரண்டையும் இங்கே சேர்த்துப் பார்ப்பதற்குக் காரணம், சீனாவில் இரண்டையும் நாடு தழுவிய செய்தியாக்கியதில் ஒரே நிறுவனத்துக்குப் பெரும்பங்கு உண்டு என்பதே. அது அரசு நடத்தும் சீன மத்தியத் தொலைக்காட்சி. (அதன் ஆங்கிலச் சுருக்கப் பெயர் நம் ஊரில் கண்காணிப்புக் கேமராவுக்கு ஆகிவிட்டதால் முழுப்பெயரையே எழுதுகிறேன்.) காற்றைப் பற்றி அந்த நிறுவனத்தின் முன்னாள் செய்தியாளர் ஒருவர் எடுத்த படம் சீன இணையத்தில் ஒரு வாரம் இருந்தது. பெருந்தீனியைப் பற்றி அதே நிறுவனம் ஒளிபரப்பிய செய்தி ஒன்பது மாதங்களுக்குள் நாட்டின் சட்டத்தில் போய் நின்றது. இந்த வேறுபாடு எப்படி வந்தது என்பதே இங்கே எடுத்துக்கொண்ட கேள்வி.

ஷான்ஷி, 2004

நிலக்கரிக்குப் பெயர்பெற்ற ஷான்ஷி மாகாணத்தின் ஷியாவ்யி நகரத்தில், 2004இல், ஆறு வயதுச் சிறுமி ஒருத்தியிடம் தொலைக்காட்சிச் செய்தியாளர் சாய் ஜிங் சில கேள்விகள் கேட்டார். நட்சத்திரங்களைப் பார்த்திருக்கிறாயா என்றார். இல்லை என்றாள் சிறுமி. நீல வானம் பார்த்திருக்கிறாயா என்றதற்கு, கொஞ்சமே கொஞ்சம் நீலமாகப் பார்த்திருக்கிறேன் என்றாள். வெண்மேகம்? இல்லை.

சாய் ஜிங் அதே மாகாணத்தின் லின்ஃபென் நகரத்தில் பிறந்தவர். 2001இல் மத்தியத் தொலைக்காட்சியில் சேர்ந்தவர். புகைக்கூண்டையும் ஆலை வாசலையும் எத்தனை முறை காட்டினாலும் கிடைக்காத ஒன்று அந்த மூன்று பதில்களில் கிடைத்தது. காற்று மாசு என்பது கண்ணுக்கு முன்னால் இருக்கும் பொருள் அன்று, கண்ணிலிருந்து பறிக்கப்பட்ட பொருள் என்பதை ஒரு குழந்தை சாதாரணமாகச் சொல்லிவிட்டது. இந்தக் காட்சி பின்னர் மீண்டும் வரும்.

மூடுபனி என்ற சொல்

சீன மொழியில் மூடுபனிக்கு 'வூ' என்று ஒரு சொல்லும், தூசும் புகையும் கலந்த மங்கலுக்கு 'மாய்' என்று வேறொரு சொல்லும் உண்டு. 2010ஆம் ஆண்டுவாக்கில் பெய்ஜிங் மங்கிய நாட்களில் வானிலை அறிக்கையிலும் செய்தியிலும் பெரும்பாலும் கேட்டது முதல் சொல்தான். மூடுபனி இயற்கையாக வருவது, வெயில் ஏறினால் போவது. அதற்கு யாரும் பொறுப்பாளி இல்லை. போகிப் பண்டிகை விடியலில் சென்னையை மூடுவதைப் பனிமூட்டம் என்று ஒரு வரியில் முடித்துவிடும் செய்தியைக் கேட்டிருக்கும் நமக்கு, ஒரு சொல் எவ்வளவு வேலை செய்யும் என்பது தெரியாததன்று.

அப்போது பெய்ஜிங் நகராட்சி வெளியிட்ட கணக்கில் 10 மைக்ரோமீட்டர் வரையிலான துகள்களே இருந்தன. நுரையீரலின் அடி ஆழம்வரை இறங்கக்கூடிய, 2.5 மைக்ரோமீட்டர் வரையிலான பிஎம் 2.5 துகள்களின் அளவு பொதுமக்களுக்குச் சொல்லப்படவில்லை. அமெரிக்கத் தூதரகம் தன் வளாகத்தின் கூரையில் 2008இல் ஒரு கருவியை வைத்து, அந்த அளவை மணிக்கொரு முறை ட்விட்டரில் வெளியிட்டுக்கொண்டிருந்தது. 2010 நவம்பரில் ஒரு நாள் காற்றுத் தரக் குறியீடு 500ஐத் தாண்டியது. அந்த அட்டவணையில் அதற்கு மேல் வகைப்பெயர் கிடையாது. கருவியோடு இணைத்திருந்த நிரல், யாரோ முன்பு விளையாட்டாக எழுதிவைத்திருந்த 'பைத்தியக்காரத்தனமான மோசம்' என்ற சொற்றொடரை உலகத்துக்கு அறிவித்துவிட்டது; தூதரகம் அதை நீக்கிவிட்டது. சீனாவில் ட்விட்டர் தடைசெய்யப்பட்டிருந்தாலும் எண்கள் கைபேசிச் செயலிகள் வழியே உள்ளே வந்தன. கட்டுமானத் தொழிலதிபர் பான் ஷியி 2011இல் சீனச் சமூக ஊடகமான வெய்போவில் அவற்றைப் பகிர்ந்து, பிஎம் 2.5 தரநிலை வேண்டுமா என்று வாக்கெடுப்பே நடத்தினார். 2012 ஜனவரியில் பெய்ஜிங் ஒரு நிலையத்தின் பிஎம் 2.5 அளவை வெளியிடத் தொடங்கியது. அதே ஆண்டு ஜூன் மாதம், வெளிநாட்டுத் தூதரகங்கள் இத்தகைய அளவுகளை வெளியிடக்கூடாது என்று சுற்றுச்சூழல் துணை அமைச்சர் கேட்டுக்கொண்டார்.

இந்த வரிசையில் தொலைக்காட்சி முன்னணியில் இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். அளவுகோல் ஒரு கூரையிலிருந்து வந்தது, கோரிக்கை கைபேசித் திரையிலிருந்து வந்தது. நாட்டிலேயே அதிகம் பேர் பார்க்கும், மத்தியத் தொலைக்காட்சியின் மாலைச் செய்தி பின்தொடர்ந்தது.

2013 ஜனவரி

2013 ஜனவரி 12ஆம் தேதி இரவு, தூதரகக் கருவி ஒரு கனமீட்டருக்கு 886 மைக்ரோகிராம் என்று காட்டியது, குறியீடு 755. இந்த அளவை மூடுபனி என்று சொல்லி யாரையும் நம்பவைக்க முடியாது. மறுநாள் பெய்ஜிங்கில் முதன்முறையாக 'மாய்' என்ற சொல்லோடு ஆரஞ்சு எச்சரிக்கை விடுக்கப்பட்டது. அரசு ஊடகங்கள் அந்த வாரம் காட்டிய வெளிப்படைத்தன்மை அதற்கு முந்தைய ஆண்டுகளில் காணாதது. மருத்துவமனைக் கூடங்கள், முகக்கவசம் விற்றுத் தீர்ந்த கடைகள், பகலிலும் விளக்கு எரியும் சாலைகள் என்று செய்தி விரிந்தது.

அதே மாதத்தில் இன்னொரு செய்தியும் ஓடியது என்பது இந்த ஆய்வுக்கு முக்கியமானது. விருந்துகளில் உணவு வீணாவதைக் கண்டித்து ஷி ஜின்பிங் ஜனவரி நடுவில் குறிப்பு எழுதியதை அடுத்து, 'தட்டைக் காலிசெய்வோம்' இயக்கம் மாலைச் செய்தியில் இடம்பிடித்தது. நகரத்தின் காற்றும் நகரத்தின் தட்டும் ஒரே மாதத்தில் ஒரே அரைமணி நேரச் செய்திக்குள் வந்தன. தட்டைப் பற்றிய செய்தியில் பார்வையாளருக்கு ஒரு வேலை கொடுக்கப்பட்டது: மிச்சம் வைக்காதீர்கள். காற்றைப் பற்றிய செய்தியிலும் ஒரு வேலை கொடுக்கப்பட்டது: வெளியே போகாதீர்கள், ஜன்னலைச் சாத்துங்கள். முதலாவதில் பார்ப்பவர் தவறு செய்தவர், திருத்திக்கொண்டால் தீரும். இரண்டாவதில் பார்ப்பவர் பாதிக்கப்பட்டவர். யார் செய்தது என்ற கேள்வி மட்டும் காற்றிலேயே நின்றது.

அந்தக் கேள்வி எவ்வளவு சங்கடமானது என்பதை ஆண்டு இறுதியில் நடந்த ஒன்று காட்டியது. டிசம்பரில் ஷாங்காயும் கிழக்குக் கரை நகரங்களும் புகையில் மூழ்கியபோது, மத்தியத் தொலைக்காட்சியின் இணையதளம் புகைமூட்டத்தால் சீனர்களுக்குக் கிடைத்த ஐந்து நன்மைகள் என்று ஒரு பட்டியலை வெளியிட்டது. மக்களை ஒன்றுபடுத்தியது, ஏழை பணக்காரர் வேறுபாட்டை அகற்றியது, விழிப்பூட்டியது, நகைச்சுவை உணர்வை வளர்த்தது, அறிவைப் பெருக்கியது என்பவை அந்த ஐந்து. மூச்சுத் திணறும் குழந்தையைத் தூக்கிக்கொண்டு மருத்துவமனைக்குப் போனவர்கள் படிக்கும் பக்கத்தில் இது வந்தது. கொதிப்பு எழுந்தது, பட்டியல் நீக்கப்பட்டது.

ஒரு வாரம் இருந்த படம்

சாய் ஜிங் 2014இல் மத்தியத் தொலைக்காட்சியை விட்டு விலகினார். அவருடைய மகள் பிறக்கும்போதே கட்டியோடு பிறந்து, பச்சிளம் வயதிலேயே அறுவைச் சிகிச்சைக்கு உட்பட வேண்டியிருந்தது. அந்தக் குழந்தையை வீட்டுக்குள் அடைத்து வளர்க்க நேர்ந்த ஒரு தாயின் நிலையிலிருந்தே அவர் தன் ஆவணப்படத்தைத் தொடங்கினார். புகைமூட்டத்துக்கும் தனக்கும் இடையிலான சொந்தப் பகை இது என்றார். 'குவிமாடத்தின் கீழ்' என்று பெயரிட்ட 104 நிமிடப் படத்தைச் சொந்தச் செலவில் எடுத்து, 2015 பிப்ரவரி 28ஆம் தேதி இணையத்தில் வெளியிட்டார்.

படத்தின் அமைப்பே ஒரு செய்தியாளரின் பாடம். மேடையில் நின்று பேசுகிறார். பின்னால் பெரிய திரை. 24 மணி நேரம் தன்னோடு எடுத்துச்சென்ற மாதிரி எடுக்கும் கருவியின் வடிதாளைக் காட்டுகிறார். வெள்ளையாகப் போன தாள் கறுப்பாகத் திரும்பியிருக்கிறது. அன்றைய பிஎம் 2.5 சுமார் 306 மைக்ரோகிராம். சீனாவின் நாள் வரம்பு 75. அந்தக் கறுப்பில் 15 வகைப் புற்றுநோய்க் காரணிகள் இருந்தன என்று ஆய்வகம் சொன்னதையும், பென்சோபைரீன் என்ற ஒன்று மட்டும் தரநிலையைப்போல் 14 மடங்கு இருந்ததையும் சொல்கிறார். தலைமுடியின் தடிமனில் ஏறத்தாழ முப்பதில் ஒரு பங்கான ஒரு பொருளைக் கேமராவில் பிடிக்க முடியாது. 'விஷுவல் இருக்கிறதா' என்பதே முதல் கேள்வியாக இருக்கும் செய்தி அறையில் பல மாசுச் செய்திகள் இறந்துபோவது இதனால்தான். ஒரு வெள்ளைத் தாளைக் கறுப்பாக்கிக் காட்டியதன் மூலம் அவர் அந்தத் தடையைத் தாண்டினார். ஷியாவ்யி சிறுமியின் மூன்று பதில்களும் இந்தப் படத்தில் மீண்டும் வந்தன.

ஆனால் படத்தை ஆபத்தாக்கியது வடிதாள் அல்ல. பிஎம் 2.5இல் 60 விழுக்காடு நிலக்கரியையும் எண்ணெயையும் எரிப்பதால் வருகிறது என்று சொன்னபிறகு, அவற்றை விற்பது யார், தரத்தை வகுப்பது யார் என்று கேட்டார். எரிபொருள் தரநிலையை வகுக்கும் குழுவில் எண்ணெய்த் துறையினரே பெரும்பான்மையாக இருந்ததை, அந்தக் குழுவோடு தொடர்புடையவரையே உட்காரவைத்துப் பேசச் செய்து காட்டினார். தரக்குறைவான லாரிகளை நிறுத்தச் சட்டம் இருந்தும் அதைப் பயன்படுத்த முடியாத நிலையை விளக்கிய ஓர் அதிகாரி, பல் இல்லை என்பது தெரிந்துவிடும் என்பதால் வாயைத் திறக்கவே தயங்குவதாகச் சொன்னார். அரசுத் துறையின் பலவீனத்தை அரசு அதிகாரியே இத்தனை பச்சையாகச் சொன்ன காட்சிகள் அரிது. எண்ணெய் நிறுவனங்கள் அரசுக்குச் சொந்தமானவை. இவ்வாறு விரல் நீண்ட இடம் பார்வையாளரின் ஜன்னலைத் தாண்டி அரசின் வாசலுக்குப் போய்விட்டது.

முதல் சில நாட்கள் வரவேற்பு அசாதாரணமாக இருந்தது. ஆளும் கட்சி நாளேட்டின் இணையதளமே படத்தை வெளியிட்டு அவருடைய நேர்காணலையும் போட்டது. புதிதாகப் பொறுப்பேற்றிருந்த சுற்றுச்சூழல் அமைச்சர் சென் ஜினிங் அவருக்கு நன்றி தெரிவித்துக் குறுஞ்செய்தி அனுப்பினார். பார்வைகள் பத்துக் கோடியை வேகமாகக் கடந்தன. புகார் சொல்ல வேண்டிய 12369 என்ற எண்ணைப் படம் கையில் கொடுத்ததால், பார்த்தவர்களுக்கு முதன்முறையாக ஜன்னலைச் சாத்துவதைத் தவிர வேறு வேலையும் கிடைத்தது. மார்ச் 5ஆம் தேதி சீன நாடாளுமன்றமான தேசிய மக்கள் பேரவையின் கூட்டத்தொடர் தொடங்கியது. மார்ச் 6ஆம் தேதி படம் சீனத் தளங்களிலிருந்து எடுக்கப்பட்டது. மறுநாள் செய்தியாளர் சந்திப்பில் சென் ஜினிங் அந்தப் படத்தைக் குறிப்பிடவே இல்லை.

இதில் நான் மிகவும் கவலையோடு பார்ப்பது ஒரு தேதிப் பொருத்தத்தை. அந்த ஆண்டு ஜனவரி 1ஆம் தேதிதான் திருத்தப்பட்ட சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்திருந்தது. அதன் 9ஆம் பிரிவு, சுற்றுச்சூழல் விதிமீறல்களைச் செய்தி ஊடகங்கள் பொதுக்கருத்தின் மூலம் கண்காணிக்க வேண்டும் என்கிறது. கண்காணித்த படம் அந்தப் பிரிவுக்கு இரண்டு மாத வயதானபோது மறைந்தது.

பெருவயிற்று அரசர்கள்

சாப்பாட்டுப் போட்டியைத் தொலைக்காட்சிப் பொருளாக்கியது ஜப்பான். 1990களில் அங்கே புகழ்பெற்ற நிகழ்ச்சிகள் வழியாக உருவான போட்டியாளர்களில் ஒருவரான தகேரு கொபயாஷி, 2001இல் நியூயார்க் கோனி ஐலண்ட் போட்டியில் 12 நிமிடத்தில் 50 ஹாட்டாக் தின்று, முந்தைய சாதனையை ஏறத்தாழ இருமடங்காக்கினார். மறு ஆண்டு ஜப்பானில் பள்ளி மாணவன் ஒருவன் மதிய உணவு நேரத்தில் யார் முந்தித் தின்பது என்று விளையாடியதில் ரொட்டி தொண்டையில் அடைத்து இறந்தபோது, அங்குள்ள நிறுவனங்கள் அவ்வகை நிகழ்ச்சிகளைச் சில காலம் நிறுத்திவைத்தன. பார்ப்பவர் அதைச் செய்துபார்க்கவும் கூடும் என்ற பொறுப்புணர்வால் எடுத்த முடிவு அது; எந்தச் சட்டமும் அவர்களைக் கட்டாயப்படுத்தவில்லை.

சீனாவில் இந்த வகை கைபேசி நேரலையில் வளர்ந்தது. ஒரு மேசை, ஒரு மனிதர், மலைபோல் நூடுல்ஸ் அல்லது இறால். அவர்களை 'தா வெய் வாங்', அதாவது பெருவயிற்று அரசர் என்று அழைத்தனர். 2020 ஆகஸ்ட் 11ஆம் தேதி, உணவு வீணாவது அதிர்ச்சியும் வேதனையும் தருகிறது என்ற ஷி ஜின்பிங்கின் அறிவுறுத்தல் வெளியானது. கொள்ளைநோயும் யாங்சே வெள்ளமும் சேர்ந்து தானியத்தைப் பற்றிய கவலை எழுந்திருந்த ஆண்டு அது. அறிவுறுத்தல் வெளியான கையோடு மத்தியத் தொலைக்காட்சி பெருவயிற்று அரசர்களைக் கண்டித்துச் செய்தி வெளியிட்டது. உணவை வீணடிக்கின்றனர் என்பது ஒரு குற்றச்சாட்டு. சிலர் உண்மையில் உண்பதே இல்லை, மென்று துப்பியோ வாந்தி எடுத்தோ படத்தொகுப்பில் மறைத்துவிடுகின்றனர் என்பது மற்றொன்று.

அடுத்து நடந்தவற்றின் வேகத்தைப் பார்க்க வேண்டும். டோயின், குவாய்ஷோ ஆகிய குறுங்காணொளிச் செயலிகளில் 'பெருவயிற்று அரசர்' என்று தேடினால், உணவை மதியுங்கள், அளவோடு உண்ணுங்கள் என்ற பொருள்பட ஓர் அறிவிப்பு முதலில் வந்து நின்றது. கணக்கு வைத்திருந்தவர்கள் தம் பெயரிலிருந்தே அந்தச் சொல்லை எடுத்தனர். வூஹான் உணவக சங்கம், பத்துப் பேர் வந்தால் ஒன்பது பேருக்கு மட்டும் உணவு சொல்லும் முறையைப் பரிந்துரைத்தது. சாங்ஷா நகரத்து உணவகம் ஒன்று வாசலில் எடைமேடை வைத்து, வாடிக்கையாளரின் எடைக்கேற்ப உணவைப் பரிந்துரைத்துவிட்டுப் பின்னர் மன்னிப்புக் கேட்டது. 2021 ஏப்ரல் 29ஆம் தேதி உணவு வீணடிப்பு எதிர்ப்புச் சட்டம் நிறைவேறி அன்றே நடைமுறைக்கு வந்தது. அளவுக்கு மீறி உண்பதைக் காட்டும் நிகழ்ச்சிகளைத் தயாரிப்பதோ பரப்புவதோ கூடாது என்றது அதன் 22ஆம் பிரிவு. மீறினால் 10,000 முதல் 1,00,000 யுவான் வரை அபராதம். வாடிக்கையாளரைத் தூண்டி அளவுக்கு மீறி வாங்கவைக்கும் உணவகத்துக்கோ 1,000 முதல் 10,000 யுவான் வரைதான்.

கணக்கில் இருந்ததும் காட்சியில் வந்ததும்

பெருந்தீனிக் காட்சிகளுக்காக வாதாடுவது என் நோக்கமன்று. பார்வை எண்ணிக்கைக்காக உடலை வதைத்துக்கொள்வதையும் உணவைத் துப்புவதையும் ஒரு செய்தி நிறுவனம் அம்பலப்படுத்தியது நியாயமான வேலை. கேட்க வேண்டியது அளவைப் பற்றி.

சீன அறிவியல் கழகமும் உலக இயற்கை நிதியமும் சேர்ந்து பெய்ஜிங், ஷாங்காய், செங்டு, லாசா ஆகிய நான்கு நகரங்களின் உணவகங்களில் நடத்திய ஆய்வு, ஒருவர் ஒரு வேளைக்குச் சராசரியாக 93 கிராம் உணவை மிச்சம் வைக்கிறார் என்றும், நகர உணவகங்களில் 2015இல் 1.7 முதல் 1.8 கோடி டன் உணவு வீணானது என்றும் கணக்கிட்டது. சேமிப்பு, போக்குவரத்து, பதப்படுத்தல் ஆகிய கட்டங்களிலேயே ஆண்டுக்கு 3.5 கோடி டன்னுக்கு மேல் தானியம் இழக்கப்படுவதாக அரசின் தானியத் துறையே சொல்லிவந்தது. இரண்டு கணக்கும் ஒரே முறையில் எடுக்கப்பட்டவை அல்ல. ஆயினும் தட்டுக்கு வரும் முன்பே போவது எவ்வளவு பெரிது என்பது தெளிவு. கிடங்கின் ஈரமும் லாரியின் ஓட்டையும் யாருடைய பொறுப்பு என்று கேட்டால், பதில் மீண்டும் அரசு நிறுவனங்களின் பக்கம் போகும். பெருவயிற்று அரசர்கள் எத்தனை டன் வீணடித்தனர் என்பதற்கு இந்தக் கணக்குகளில் தனி வரியே கிடையாது. ஆனால் அவர்களுக்கு முகம் இருந்தது, திறந்த வாய் இருந்தது, நெருக்கத்தில் காட்டத்தக்க தட்டு இருந்தது. கிடங்கில் பூஞ்சை பிடிக்கும் தானியத்துக்கும் நுரையீரலில் இறங்கும் துகளுக்கும் அவ்வாறு ஒன்றும் இல்லை.

காட்சி வசதி மட்டுமே காரணம் என்று சொல்லிவிட முடியாது. சாய் ஜிங் வடிதாளின் மூலம் காட்சியை உண்டாக்கினார், மக்கள் பார்த்தனர், அதற்குப் பிறகுதான் படம் நீக்கப்பட்டது. குற்றம் தனிமனிதரின் மேசையில் இருந்தால் செய்தி மேலிருந்து கீழே சரளமாக இறங்கியது. குற்றம் ஆலையிலும் எண்ணெய்க் கிணற்றிலும் தரநிலைக் குழுவிலும் இருந்தபோது செய்தி கீழிருந்து மேலே ஏற வேண்டியிருந்தது. அங்கே வழி மூடியிருந்தது.

இதற்கு எதிரான ஒரு வாதத்தை நேர்மையாக எடுத்துக்கொள்ள வேண்டும். படம் மறைந்தாலும் பணி நிற்கவில்லை. 2013 செப்டம்பரிலேயே காற்று மாசு செயல்திட்டம் வந்துவிட்டது. 2014 மார்ச்சில் பிரதமர் லி கெச்சியாங் மாசின்மீது போர் அறிவித்தார். படம் நீக்கப்பட்ட மறு மாதமே, மேம்பட்ட தரத்து எரிபொருளை நாடு முழுவதும் கொண்டுவரும் காலக்கெடு 2017 ஜனவரி என்று முன்னகர்த்தப்பட்டது. பெய்ஜிங்கின் ஆண்டுச் சராசரி பிஎம் 2.5 அளவு 2013இல் 89.5 மைக்ரோகிராமாக இருந்து, 2017இல் 58ஆகவும், 2021இல் 33ஆகவும் குறைந்தது. சீனத் தரநிலையான 35க்குள் அந்த நகரம் முதன்முறையாக வந்தது அப்போதுதான். அப்படியானால் தொலைக்காட்சியின் கேள்வி தேவையில்லாமலே காற்று சுத்தமானது என்று சொல்லலாமா? சொல்ல முடியாது என்றே நினைக்கிறேன். கூரையில் ஒரு கருவியும் வெய்போவில் ஒரு வாக்கெடுப்பும் 2013 ஜனவரியில் திறந்து பேசிய செய்திகளும் இல்லாமல் அந்தச் செயல்திட்டம் அத்தனை விரைவில் வந்திருக்குமா என்பது ஐயத்துக்குரியது. உலகச் சுகாதார நிறுவனத்தின் வழிகாட்டு அளவு 5 என்பதால், 33க்கும் 5க்கும் இடையில் கேட்க வேண்டிய கேள்விகள் இன்னும் இருக்கின்றன.

அவற்றைக் கேட்கத் தெரிந்த செய்தியாளர் பின்னர் ஸ்பெயினுக்குக் குடிபெயர்ந்தார். 2023 முதல் யூடியூபில் நேர்காணல்களை வெளியிட்டுவருகிறார். சீனாவில் அந்தத் தளம் திறக்காது.